வழக்கு நிலுவையில் உள்ள நிலத்தில் கட்டடம் எழுப்பலாமா? பெங்களூரு வழக்குகளும் சட்டம் சொல்வதும்

பெங்களூரு: நிலம் யாருக்குச் சொந்தம் என்ற வழக்கு நீதிமன்றத்தில் நிலுவையில் இருக்கும்போதே, அதே நிலத்தில் கடைக்கால் தோண்டப்பட்டு, தூண்கள் எழுந்து, தளம் போடப்படுவது பெங்களூருவில் புதிய காட்சி அல்ல. 30-க்கு 40 அடி மனையில் மூன்று மாடி வீடு எழுப்ப ஓராண்டு போதும். நில உரிமை வழக்கு முதல் நீதிமன்றத்தில் முடிவதற்கே பல ஆண்டுகள் ஆகும். மேல்முறையீடுகள் அதற்குப் பின்னர்தான் தொடங்கும்.

"வழக்குத் தொடர்ந்துவிட்டோம், இனி எப்படிக் கட்ட முடியும்?" என்று மனுதாரர் தரப்பு கேட்கிறது. "தடை உத்தரவு எதுவும் இல்லையே, ஏன் கட்டக் கூடாது?" என்று எதிர்த்தரப்பு திருப்பிக் கேட்கிறது. சட்டத்தின்படி இரண்டாவது தரப்பின் கேள்வியில் நியாயம் உண்டு. ஆனால், தடை இல்லாததால் கட்டிய கட்டடம் தீர்ப்புக்குப் பிறகும் நிற்கும் என்பதற்குச் சட்டம் எந்த உத்தரவாதமும் அளிக்கவில்லை.

வழக்கு வேறு, தடை வேறு

உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்கு தாக்கல் செய்யப்பட்ட உடனேயே நிலத்தின் மீதான எல்லாச் செயல்களும் தாமாக நின்றுவிடும் என்பது பரவலான தவறான எண்ணம். கட்டுமானத்தை நிறுத்தும் ஆற்றல் வழக்கு எண்ணுக்கு இல்லை. நீதிபதி கையெழுத்திட்ட இடைக்கால உத்தரவுக்கே உண்டு.

இந்தக் குழப்பத்துக்குக் காரணமாக இருப்பது 1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டத்தின் 52-ஆவது பிரிவு. 'லிஸ் பென்டென்ஸ்' என்ற லத்தீன் பெயரில் வழக்கறிஞர்கள் குறிப்பிடும் வழக்கு நிலுவைக் கோட்பாடு இதில்தான் உள்ளது. அசையாச் சொத்தின் மீதான உரிமை நேரடியாகக் கேள்விக்குள்ளான வழக்கு நிலுவையில் இருக்கும்போது, வழக்கின் ஒரு தரப்பினர் அந்தச் சொத்தை விற்றாலோ, அடமானம் வைத்தாலோ, வேறு வகையில் கைமாற்றினாலோ, அது எதிர்த்தரப்புக்குத் தீர்ப்பின் மூலம் கிடைக்கும் உரிமையைப் பாதிக்காது என்கிறது அந்தப் பிரிவு. வழக்குரை தாக்கல் செய்யப்பட்ட நாள் தொடங்கி, இறுதித் தீர்ப்பு நிறைவேற்றப்படும் நாள் வரை இந்தக் காலம் நீடிக்கிறது. முதல் நீதிமன்றத் தீர்ப்போடு அது முடிந்துவிடுவதில்லை.

இங்கே கவனிக்க வேண்டியவை இரண்டு. அந்தப் பிரிவு விற்பனையைச் செல்லாததாக்குவதில்லை. வாங்கியவரைத் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டவராக மட்டுமே ஆக்குகிறது. அடுத்து, அது பேசுவது சொத்து கைமாறுவதைப் பற்றியே. செங்கல்லையும் சிமெண்டையும் தடுத்து நிறுத்தும் கட்டளை அதில் இல்லை. கட்டுமானத்தை நிறுத்த விரும்புபவர் வேறொரு சட்டத்தின் கதவைத் தட்ட வேண்டும்.

இடைக்காலத் தடை பெறுவது எப்படி

அந்தச் சட்டம், 1908-ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம். அதன் 39-ஆவது கட்டளையின் 1, 2 விதிகள் இடைக்காலத் தடை உத்தரவு வழங்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் அளிக்கின்றன. வழக்குச் சொத்து வீணாக்கப்படும், சேதப்படுத்தப்படும், கைமாற்றப்படும் அல்லது அதிலிருந்து வாதி வெளியேற்றப்படுவார் என்ற அபாயம் இருந்தால் தடை கோரலாம். பெங்களூரு மாநகர எல்லைக்குள் இத்தகைய மனுக்கள் நகர உரிமையியல் நீதிமன்றத்தின் முன் வருகின்றன.

நீதிபதி பார்ப்பது மூன்று அம்சங்களை. வாதிக்கு முதல்நோக்கில் வலுவான வழக்கு உள்ளதா? தடை விதிப்பதாலும் விதிக்காமல் விடுவதாலும் யாருக்கு அதிகச் சிரமம்? தடை மறுக்கப்பட்டால் பணத்தால் ஈடுசெய்ய முடியாத இழப்பு ஏற்படுமா? மூன்றும் ஒன்றுசேர இருக்க வேண்டும். கட்டுமான வழக்குகளில் மூன்றாவது கேள்வியே பெரும்பாலும் தலைவிதியைத் தீர்மானிக்கிறது. "நிலத்துக்குச் சந்தை விலை இருக்கிறதே, தோற்றால் பணமாகக் கொடுத்துவிடுகிறோம்" என்று கட்டுபவர் தரப்பு வாதிடும். பரம்பரை நிலம், வசிப்பிடத்துக்குச் செல்லும் ஒரே வழி, கூட்டுக் குடும்பப் பாகப்பிரிவினை போன்ற விவரங்களை மனுவில் தெளிவாகச் சொல்லாத வாதி இந்த இடத்தில்தான் சறுக்குகிறார்.

அவசரம் இருந்தால் எதிர்த்தரப்புக்கு அறிவிப்பு அனுப்பாமலேயே நீதிமன்றம் தடை விதிக்கலாம். அதற்கான காரணத்தை நீதிபதி பதிவுசெய்ய வேண்டும். தடை பெற்றவர் அன்றைய தினமோ மறுநாளோ மனுவின் நகலையும் ஆவணங்களையும் எதிர்த்தரப்புக்கு அனுப்பி, அனுப்பியதற்கான உறுதிமொழிப் பத்திரத்தையும் தாக்கல் செய்ய வேண்டும். இந்தச் சிறு நடைமுறையைத் தவறவிட்டதாலேயே தடையை இழக்க நேரிடலாம். இப்படி ஒருதரப்பாக வழங்கப்பட்ட தடை மனுவை 30 நாள்களுக்குள் விசாரித்து முடிக்க முயல வேண்டும் என்று விதி 3ஏ கூறுகிறது. நடைமுறையில் அந்தக் கெடு தாண்டுவதும் உண்டு.

கட்ட முனைபவரும் சும்மா இருப்பதில்லை. 148ஏ பிரிவின்கீழ் கேவியட் மனு தாக்கல் செய்துவைத்தால், அவரைக் கேட்காமல் உத்தரவு பிறப்பிக்க முடியாது. அதன் ஆயுள் 90 நாள்கள். நிலத்தகராறில் எதிர்த்தரப்பிடமிருந்து கேவியட் அறிவிப்பு வந்து சேர்வது, அங்கே வேலை தொடங்கப்போகிறது என்பதற்கான முன்னறிவிப்பாகவே பல சமயம் அமைகிறது. நீதிமன்ற விடுமுறைக்கு முந்தைய மாலையில் மண் தோண்டும் இயந்திரம் வந்து நிற்பதும் இத்தகைய தகராறுகளில் வழக்கமாகக் கூறப்படும் புகாரே. கோடை விடுமுறையிலும் அவசர மனுக்களை விசாரிக்க விடுமுறைக்கால அமர்வுகள் உள்ளன என்பதைப் பலர் அறிவதில்லை.

தடை வழங்கப்பட்டாலும் மறுக்கப்பட்டாலும், பாதிக்கப்பட்டவர் 43-ஆவது கட்டளையின்கீழ் மேல்முறையீடு செய்யலாம். நகர உரிமையியல் நீதிமன்றத்தின் உத்தரவு என்றால் அது கர்நாடக உயர் நீதிமன்றத்துக்குச் செல்லும்.

உச்ச நீதிமன்றம் 2004-இல் சொன்னது

கட்டுமானம் குறித்த தடை மனுக்களில் வழக்கறிஞர்கள் தவறாமல் மேற்கோள் காட்டும் தீர்ப்பு, பஞ்சாபின் ஃபரீத்கோட் நகரைச் சேர்ந்த மஹர்வால் கேவாஜி அறக்கட்டளை தொடர்ந்த வழக்கில் 2004-இல் வெளியானது. அறக்கட்டளை உரிமை கோரிய நிலத்தில் கட்டடம் எழுப்பவும் நிலத்தை விற்கவும் முதல் நீதிமன்றம் தடை விதித்தது. மேல்முறையீட்டு நீதிமன்றமும் உயர் நீதிமன்றமும் அந்தத் தடையை நீக்கின. வழக்கு முடிய நீண்ட காலமாகும், அதுவரை நிலத்தைப் பயனின்றிப் போட்டுவைக்க முடியாது என்பது கட்டுபவர் தரப்பு வாதம்.

உச்ச நீதிமன்றம் இதை ஏற்கவில்லை. ஈடுசெய்ய முடியாத இழப்பு ஏற்படும் என்று ஒரு தரப்பு நிறுவினாலன்றி, வழக்கு நடக்கும் காலத்தில் சொத்தின் தன்மையை மாற்ற நீதிமன்றம் அனுமதிக்கக் கூடாது என்று கூறியது. கட்டடம் எழுந்து, பலருக்குக் கைமாறிவிட்டால் வழக்குக்கு மேல் வழக்காகப் பெருகும் என்றும் சுட்டிக்காட்டியது. அதேநேரத்தில், வாதியின் கோரிக்கை இறுதியில் ஆதாரமற்றது என்று தெரியவந்தால், தடையால் ஏற்பட்ட நஷ்டத்துக்குக் கட்டுபவர் தரப்பு இழப்பீடு கோரலாம் என்றும் வழிகாட்டியது. நீண்ட வழக்கின் சுமை, நிலத்தை மாற்ற விரும்புபவர் மீதே முதலில் விழ வேண்டும் என்பதுதான் இதன் உட்பொருள்.

இந்தத் தீர்ப்பு இருப்பதால் எல்லா வழக்கிலும் தடை கிடைத்துவிடாது. முதல்நோக்கில் வலுவான வழக்கு இல்லாதவர் இதைக் காட்டிப் பயனில்லை.

'சொந்தப் பொறுப்பில்' கட்டுவது

தடை வழங்குவதற்கும் மறுப்பதற்கும் இடையே ஒரு வழியையும் நீதிமன்றங்கள் கையாளுகின்றன. கட்டுமானத்தைத் தொடரலாம், ஆனால் அது வழக்கின் இறுதி முடிவுக்குக் கட்டுப்பட்டது, தோற்றால் கட்டடத்தைக் காட்டிச் சலுகை கோர மாட்டேன், தேவைப்பட்டால் சொந்தச் செலவில் இடிப்பேன் என்று பிரதிவாதியிடம் உறுதிமொழி பெறப்படும். தாளில் இது நியாயமாகத் தோன்றும். பத்து ஆண்டு கழித்து, அதே கட்டடத்தில் குடும்பங்கள் குடியேறி, வங்கிக் கடன் நிலுவையில் இருக்கும்போது அந்த உறுதிமொழியை நிறைவேற்றச் செய்வது வேறு கதை. பெங்களூரு போன்ற நகரில் இந்த இடைவழி வாதிக்கு அதிகப் பாதுகாப்பு தருவதில்லை என்றே கூற வேண்டும்.

ஆனாலும் நீதிமன்றங்கள் முடிந்த கட்டடத்தின் முன் எப்போதும் தயங்கி நின்றுவிடுவதில்லை. கேரளத்தின் மரடு அதற்குச் சான்று. அது நில உரிமைத் தகராறு அல்ல, கடலோர ஒழுங்குமுறை விதிமீறல் வழக்கு. எனினும், உள்ளாட்சி அமைப்பு 2007-இல் அனுப்பிய அறிவிப்புகளுக்கு எதிராக உயர் நீதிமன்றத்தில் இடைக்கால உத்தரவு பெற்று, வழக்கு நிலுவையில் இருந்தபோதே அடுக்குமாடிகள் கட்டி முடிக்கப்பட்டன. 2019 மே 8 அன்று அவற்றை இடிக்க உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. 2020 ஜனவரி 11, 12 தேதிகளில் நான்கு வளாகங்கள் வெடிவைத்துத் தகர்க்கப்பட்டன. வீட்டை இழந்தவர்களுக்கு இடைக்கால இழப்பீடாக 25 லட்சம் ரூபாய் வழங்க உத்தரவிடப்பட்டது. இடைக்கால உத்தரவு என்பது இறுதித் தீர்ப்புக்கு முன்பணம் அல்ல என்பதை அங்கே வீடு வாங்கியவர்கள் நேரில் கண்டனர்.

எத்தனை தளம், எந்தத் தேதியில்?

தடை உத்தரவு வந்த பிறகு எழும் முதல் சச்சரவு, அந்த நாளில் கட்டடம் எந்த அளவில் இருந்தது என்பதே. 'தற்போதைய நிலை தொடர வேண்டும்' என்று நீதிமன்றம் கூறிவிடும். தற்போதைய நிலை கடைக்காலா, முதல் தளமா? இரு தரப்பும் வெவ்வேறாகச் சொல்லும்.

இதற்காகவே வழக்கறிஞர் ஆணையரை நியமிக்கும் வசதி உள்ளது. 26-ஆவது கட்டளையின் 9-ஆவது விதிப்படி நீதிமன்றம் ஒரு வழக்கறிஞரை ஆணையராக நியமித்து, நிலத்தை நேரில் பார்வையிட்டு அறிக்கை தரச் சொல்லலாம். அவர் தூண்களை எண்ணுவார், சுவரின் உயரத்தை அளப்பார், புகைப்படம் எடுப்பார். தேவைப்பட்டால் நில அளவையரை உடன் அழைத்துச் செல்வார். இரு தரப்பினர் முன்னிலையில் தயாராகும் அந்த அறிக்கையே பின்னர் எழும் மீறல் புகாருக்கு அடித்தளம். தடை மனுவோடு ஆணையர் நியமன மனுவையும் சேர்த்துத் தாக்கல் செய்வதன் பயன் இதுதான். தனிப்பட்ட முறையில் கைபேசியில் எடுத்த படங்களும் உதவும் என்றாலும், எதிர்த்தரப்பு அவற்றின் தேதியைக் கேள்விக்குள்ளாக்கலாம்.

தடையை மீறிக் கட்டினால், 39-ஆவது கட்டளையின் விதி 2ஏ பாய்கிறது. மீறியவரின் சொத்தை நீதிமன்றம் முடக்கலாம். மூன்று மாதம் வரை உரிமையியல் சிறையில் அடைக்கவும் உத்தரவிடலாம். மீறல் தொடர்ந்தால் ஓராண்டுக்குப் பின் முடக்கிய சொத்தை விற்று, பாதிக்கப்பட்டவருக்கு இழப்பீடு வழங்கலாம். தடை உத்தரவு பின்னர் நீக்கப்பட்டாலும், அது நடைமுறையில் இருந்த நாள்களில் அதை மீறியதன் பொறுப்பு அழிந்துவிடாது என்று உச்ச நீதிமன்றம் 1998-இல் தெளிவுபடுத்தியது.

கட்டியதை இடிக்கச் செய்ய 1963-ஆம் ஆண்டின் குறிப்பிட்ட நிவாரணச் சட்டத்தின் 39-ஆவது பிரிவில் வழி உள்ளது. கட்டாயச் செயல் உத்தரவு எனப்படும் இதை இறுதித் தீர்ப்பில் வழங்குவதே இயல்பு. தகராறுக்கு முந்தைய நிலையை மீட்டெடுப்பதற்காக அரிதாக இடைக்காலத்திலும் வழங்கலாம். அதற்கு வழக்கமான முதல்நோக்கு வலிமையைவிட உயர்ந்த தகுதி தேவை என்பது உச்ச நீதிமன்றம் 1990-இல் வகுத்த நெறி. வேலி ஓரத்தில் நின்று மூன்று தளங்கள் எழுவதைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டுப் பிறகு வந்து இடிக்கக் கோருபவரிடம், இத்தனை மாதம் ஏன் பேசாதிருந்தீர் என்று நீதிமன்றம் கேட்கும். மௌனச் சம்மதம் தடைக்கோரிக்கையை வீழ்த்தும் என்பது அதே சட்டத்தின் 41-ஆவது பிரிவிலேயே உள்ளது.

பெங்களூருவின் தனிச் சிக்கல்

ஏரிகளும் விளைநிலங்களும் வருவாய் கிராமங்களுமாக இருந்த பகுதிகளை விழுங்கி வளர்ந்த நகரம் பெங்களூரு. ஒரே சர்வே எண்ணுக்குள் பல பங்குகள், முறையாக அளந்து பிரிக்கப்படாத மனைகள், பொது அதிகாரப் பத்திரத்தின் பேரில் நடந்த விற்பனைகள் எனத் தகராறுகளின் வேர்கள் பல. ஏ காத்தா, பி காத்தா எனப்படும் மாநகராட்சிச் சொத்துப் பதிவை உரிமைப் பத்திரமாகக் கருதுவோரும் உண்டு. காத்தா என்பது வரி செலுத்துபவர் யார் என்பதற்கான பதிவு. உரிமையை அது உருவாக்குவதில்லை. கட்டட வரைபட அனுமதியும் அப்படியே. மாநகராட்சி முதல்நோக்கில் ஆவணங்களைப் பார்த்து அனுமதி தருகிறது. உரிமைத் தகராறு எழுந்தால் உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போகச் சொல்லும். 2025 செப்டம்பரில் பெங்களூரு பெருநகர மாநகராட்சி ஐந்து மாநகராட்சிகளாகப் பிரிக்கப்பட்ட பிறகும் இந்த நிலையில் மாற்றமில்லை. பக்கவாட்டு இடைவெளி விடாமை, கூடுதல் தளம் போன்ற வரைபட மீறல்கள் இருந்தால் மட்டுமே மாநகராட்சியிடம் புகார் பயன்தரும்.

காவல் நிலையத்துக்குச் சென்றால் "இது சிவில் விவகாரம்" என்ற பதில் வருவதே வழக்கம். அமைதி குலையும் அபாயம் இருந்தால் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 164-ஆவது பிரிவின்கீழ் நிர்வாக நடுவர் தலையிடலாம். ஆனால் அதே நிலம் குறித்து உரிமையியல் நீதிமன்றம் ஏற்கெனவே விசாரித்து வந்தால் அந்த இணை நடவடிக்கைக்கு இடம் மிகக் குறைவு.

வழக்கின் வடிவமும் முக்கியம். செலவும் நேரமும் குறையும் என்று எண்ணி, உரிமையைப் பற்றிப் பேசாமல் தடையை மட்டும் கோரி வழக்குத் தொடர்வோர் பலர். உரிமையின் மீதே மேகம் சூழ்ந்திருக்கும்போது வெறும் தடை வழக்கு போதாது. உரிமையை அறிவிக்கக் கோர வேண்டும், நிலம் எதிராளியின் கையில் இருந்தால் சுவாதீனத்தையும் கோர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2008-இல் விரிவாக விளக்கியது. தவறான வடிவில் தொடங்கிய வழக்கு ஆறேழு ஆண்டுகளுக்குப் பின் தள்ளுபடியாகும்போது, பக்கத்தில் கட்டடம் பழையதாகிவிட்டிருக்கும்.

சிவராம காரந்த் லேஅவுட்: தீர்ப்பை நம்பிக் கட்டியவர்கள்

பெங்களூருவில் வழக்கு நிலுவைக் காலத்தில் எழுந்த கட்டடங்களின் மிகப் பெரிய கணக்கு, நகரின் வடக்கே உள்ளது. கன்னட எழுத்தாளர் சிவராம காரந்தின் பெயரில் குடியிருப்பு மனைப்பிரிவு அமைப்பதற்காக, 17 கிராமங்களில் 3,546 ஏக்கர் 12 குண்டா நிலத்தைக் கையகப்படுத்த பெங்களூரு வளர்ச்சி ஆணையம் 2008 டிசம்பர் 30 அன்று முதல்நிலை அறிவிக்கை வெளியிட்டது. இறுதி அறிவிக்கை வரத் தாமதமானது. நில உரிமையாளர்கள் உயர் நீதிமன்றத்தை நாடினர். 2014-இல் தனி நீதிபதி அறிவிக்கையை ரத்து செய்தார். 2017-இல் இரு நீதிபதிகள் அமர்வும் அதையே உறுதிசெய்தது.

இது தனியார் இருவருக்கிடையிலான உரிமை வழக்கு அல்ல. அரசின் கையகப்படுத்தலை எதிர்த்த ரிட் வழக்கு. ஆனால் களத்தில் நடந்தது ஒன்றுதான். மனைகள் விற்கப்பட்டன, வீடுகள் எழுந்தன. கட்டியவர்களின் கையில் உயர் நீதிமன்றத் தீர்ப்பே இருந்தது. மேல்முறையீடு நிலுவையில் இருப்பது பலருக்குத் தெரியாது. தெரிந்தவர்களும் இரண்டு முறை வென்ற வழக்கு மூன்றாவது முறை தோற்காது என்று நம்பினர்.

2018 ஆகஸ்ட் 3 அன்று உச்ச நீதிமன்றம் உயர் நீதிமன்றத் தீர்ப்புகளை ரத்து செய்து, மனைப்பிரிவுத் திட்டத்தைத் தொடர உத்தரவிட்டது. அக்டோபர் 30 அன்று இறுதி அறிவிக்கை வெளியானது. பத்தாண்டு இடைவெளியில் எழுந்த வீடுகளை என்ன செய்வது என்ற கேள்வி அதன் பிறகு எழுந்தது. 2020 டிசம்பர் 3 அன்று, ஓய்வுபெற்ற உயர் நீதிமன்ற நீதிபதி ஏ.வி.சந்திரசேகர் தலைமையில், வளர்ச்சி ஆணையத்தின் முன்னாள் ஆணையர் ஜெயகர் ஜெரோம், முன்னாள் காவல் துறைத் தலைவர் எஸ்.டி.ரமேஷ் ஆகியோரைக் கொண்ட குழுவை உச்ச நீதிமன்றம் அமைத்தது. 2018 ஆகஸ்ட் 3-க்கு முன் முறைப்படி கட்டப்பட்ட வீடுகள் எவை என்று ஆராய்ந்து, வரன்முறைப்படுத்தப் பரிந்துரைப்பது அதன் பணி.

ஆயிரக்கணக்கான உரிமையாளர்கள் ஆவணங்களுடன் குழுவின் முன் விண்ணப்பித்தனர். பரிந்துரைக்கப்பட்ட ஆயிரக்கணக்கான வீடுகள் தப்பின. அந்தத் தேதிக்குப் பின் எழுந்த கட்டடங்களுக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை. ஒரே தெருவில், ஒரே வகையான பத்திரத்துடன் வாங்கிய இரண்டு மனைகளில், தளம் போட்ட தேதியே ஒரு வீட்டைக் காத்து மற்றொன்றைக் கைவிட்டது.

அரண்மனை மைதானம்: முடியாத வழக்கு

நகரின் நடுவே இதற்கு நேர்மாறான காட்சி உண்டு. பெங்களூரு அரண்மனையையும் அதைச் சூழ்ந்த 472 ஏக்கர் 16 குண்டா நிலத்தையும் 11 கோடி ரூபாய் இழப்பீட்டில் கையகப்படுத்த கர்நாடக அரசு 1996-இல் சட்டம் இயற்றியது. உயர் நீதிமன்றம் 1997-இல் சட்டத்தைச் செல்லும் என்றது. மைசூரு அரச குடும்பத்தினர் உச்ச நீதிமன்றம் சென்றனர். தற்போதைய நிலையே நீடிக்க வேண்டும் என்ற உத்தரவோடு அந்த மேல்முறையீடு 28 ஆண்டுகளுக்கும் மேலாக நீண்டிருக்கிறது. வழக்காடிய ஸ்ரீகண்டதத்த நரசிம்மராஜ உடையார் 2013 டிசம்பரில் காலமானார்.

இந்த உத்தரவு இல்லாதிருந்தால் நகரின் மையத்தில் அத்தனை பெரிய பசுந்திடல் இன்றுவரை எஞ்சியிருக்குமா என்பது ஐயமே. திருமணங்களும் கண்காட்சிகளும் இசை நிகழ்ச்சிகளும் நடக்கும் அங்கே, தற்காலிகப் பந்தல் எங்கே முடிந்து நிரந்தரக் கட்டுமானம் எங்கே தொடங்குகிறது என்ற கேள்வி தொடர்ந்து எழுகிறது.

அரசும் இதே சிக்கலில் மாட்டியது. பல்லாரி சாலையையும் ஜெயமஹால் சாலையையும் அகலப்படுத்த 15 ஏக்கர் 39 குண்டா தேவைப்பட்டது. நிலத்துக்கு ஈடாக மாற்றத்தக்க வளர்ச்சி உரிமை வழங்க வேண்டும் என்று 2014-இல் கூறிய உச்ச நீதிமன்றம், 2024 டிசம்பர் 10 அன்று அதன் மதிப்பைத் தற்போதைய வழிகாட்டி விலையை ஒட்டிக் கணக்கிட உத்தரவிட்டது. தொகை 3,000 கோடி ரூபாயைத் தாண்டியது. மொத்த நிலத்துக்கு 11 கோடி என்று சட்டம் இயற்றிய அரசு, அதன் ஒரு துண்டுக்கு இவ்வளவா என்று அதிர்ந்தது. 2025 ஜனவரியில் அவசரச் சட்டம் கொண்டுவந்தது.

வாங்குபவர் கவனத்துக்கு

இத்தகைய நிலத்தில் எழும் அடுக்குமாடியில் வீடு வாங்குபவரின் நிலை மற்ற எல்லோரையும்விடக் கடினமானது. வழக்கு நிலுவையில் இருக்கும்போது வாங்கிய ஒவ்வொருவரும் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டவர். வழக்கைப் பற்றித் தெரியாது என்பது 52-ஆவது பிரிவில் தற்காப்பு ஆகாது. தீர்ப்பை நிறைவேற்ற நீதிமன்ற அலுவலர் வரும்போது, அத்தகைய வாங்குநர் எதிர்ப்பு மனு தாக்கல் செய்து பயன்பெற முடியாது என்று 21-ஆவது கட்டளையின் 102-ஆவது விதி கூறுகிறது. வழக்கு நடக்கும்போதே தம்மையும் ஒரு தரப்பாகச் சேர்க்கக் கோருவதே அவருக்குள்ள வழி.

தமக்கு முழு உரிமை உண்டு என்று நல்லெண்ணத்தோடு நம்பிக் கட்டியவருக்கு மட்டும் சற்று ஆறுதல் உண்டு. மேம்பாட்டுச் செலவை அவர் கோரலாம் என்கிறது சொத்து மாற்றச் சட்டத்தின் 51-ஆவது பிரிவு. நிலத்தோடு கட்டடமும் நில உரிமையாளருக்கே என்ற ஆங்கிலேய மரபு இந்தியாவில் அப்படியே பொருந்தாது என்று கல்கத்தா உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 1866-லேயே கூறியிருக்கிறது. ஆனால் வழக்கு அறிவிப்பைக் கையெழுத்திட்டு வாங்கிய பிறகு கட்டியவர் நல்லெண்ணம் பேசுவது கடினம்.

வழக்கு இருப்பதை முன்கூட்டியே கண்டுபிடிப்பதிலும் இடர் உள்ளது. காவேரி இணையதளத்தில் கிடைக்கும் வில்லங்கச் சான்றிதழ் பதிவான பத்திரங்களையே காட்டும். நிலுவை வழக்குகளைக் காட்டாது. மகாராஷ்டிரத்திலும் குஜராத்திலும் வழக்கு நிலுவை அறிவிப்பைப் பதிவுசெய்யும் முறை சட்டத்திருத்தம் மூலம் உள்ளது. நாடு முழுவதும் அதைக் கொண்டுவருவது குறித்துப் பரிசீலிக்கலாம் என்று, தமிழகத்திலிருந்து வந்த ஒரு மேல்முறையீட்டில் உச்ச நீதிமன்றம் 2010-இல் யோசனை கூறியது. பெங்களூருவில் வாங்குபவருக்கு இருப்பது இ-கோர்ட்ஸ் தளம். அதிலும் தரப்பினர் பெயரைக் கொண்டே தேட முடியும், சர்வே எண்ணைக் கொண்டு தேட முடியாது. எனவே விற்பவரின் பெயரோடு நிறுத்திக்கொள்ளாமல், மூலப் பத்திரத்தில் உள்ள முந்தைய உரிமையாளர்களின் பெயர்களையும், பாகம் கேட்கக்கூடிய உடன்பிறந்தோரின் பெயர்களையும் வெவ்வேறு எழுத்துக்கூட்டல்களில் தேடிப் பார்க்க வேண்டியுள்ளது.

500 சதுர மீட்டருக்கு மேற்பட்ட நிலத்தில் எழும் அல்லது எட்டு வீடுகளுக்கு மேல் கொண்ட திட்டங்கள் 2016-ஆம் ஆண்டின் ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறைச் சட்டத்தின்கீழ் பதிவாக வேண்டும். நிலத்தின் மீது வழக்கு உள்ளதா என்பதைக் கட்டுநர் உறுதிமொழிப் பத்திரத்தில் தெரிவிக்க வேண்டும். 30-க்கு 40 மனையில் எழும் சிறு கட்டடங்கள் இந்த வரம்புக்குள் வருவதில்லை. அங்கே வாங்குபவர் தாமே தேடித் தெரிந்துகொள்ள வேண்டியதுதான். பதிவான திட்டத்தில் நில உரிமைக் குறைபாட்டால் நஷ்டம் ஏற்பட்டால், கட்டுநரிடம் இழப்பீடு கோர அச்சட்டத்தின் 18-ஆவது பிரிவின் 2-ஆவது உட்பிரிவு வழிசெய்கிறது. அந்தக் கோரிக்கைக்குக் காலவரம்பு கிடையாது.